ராசாவுக்கு ஊட்ட ஓர் ஆள்

மூன்றாம் நாளும் தட்டு அநேகமாக வைத்தபடியே திரும்பி வந்தபோது, ராசாவுக்குச் சமைத்துப் போடுகிற யூலாலிக்கு முதலில் வந்தது கோபம்தான். பயம் அப்புறம் வந்தது. தேங்காய்ப்பால் விட்டுக் குழைய வேகவைத்த ஈரப்பலா, மேலே ஒரு துண்டு சிவப்பு மீன், அதுவும் முள் ஒன்று விடாமல் ஆய்ந்து வைத்தது. வேறு யார் வீட்டிலாவது இப்படி ஒரு தட்டு திரும்பி வந்தால் சமைத்தவள் சட்டியைத் தூக்கிக் கடலில் போட்டுவிட்டுப் போயிருப்பாள்.

தட்டின் ஓரத்தில் கரண்டி இறங்கிய தடம் இருந்தது. மேசை மேலும் தரையிலும் ஈரப்பலா சிதறிக் கிடந்தது. ராசா முயன்று பார்த்திருக்கிறார், கை ஒத்துழைக்கவில்லை. யூலாலி கொல்லையில் குழி வெட்டித் தட்டில் இருந்ததைக் கொட்டி மூடினாள். ராசா தட்டில் மிஞ்சியதை மனிதனும் தின்னக் கூடாது, பன்றியும் தின்னக் கூடாது என்பது ஏரிநாட்டுச் சட்டம். மூன்று நாளாக மண்வெட்டி பிடித்து அவளுக்கு இடுப்பு ஒடிந்துபோயிருந்தது.

லா டீக் தீவில் அவரை எல்லோரும் ராசா என்றுதான் சொல்வார்கள். லுவாம்பே என்பது பெயர். ஆப்பிரிக்கக் கரையிலிருந்து உள்ளே பல நாள் நடந்தால் வரும் ஏரிநாட்டை ஆண்டவர். வெள்ளைக்காரப் பட்டாளத்தோடு மோதித் தோற்று, கப்பலில் ஏற்றப்பட்டு இங்கே வந்து இறங்கியபோது மனைவி, மந்திரி, பரிவாரம் என்று ஒரு கூட்டமே கூட வந்தது. சிலர் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு ஊர் திரும்பினார்கள். சிலர் காய்ச்சல் வந்து தேவாலயத்துக்குப் பின்னால் மண்ணுக்குள் போனார்கள். கடைசியில் கசூலு என்ற ஒற்றைக் கிழவர் மிஞ்சியிருந்தார். அவரும் ஈஸ்டர் கழிந்த வாரம் கண்ணை மூடினார்.

கசூலு இருந்தவரை பிரச்சினை இல்லை. ஏரிநாட்டு ராசா சாப்பிடுவதை ஒருவரும் பார்க்கக் கூடாது. பார்த்துவிட்டால் அன்றோடு அவர் ராசா இல்லை, பார்த்தவன் வீடு போய்ச் சேரமாட்டான். கசூலுவின் குலத்துக்கு மட்டும் விலக்கு உண்டு. அவர்கள் ராசாவின் கை என்று கணக்கு, கைக்குக் கண் கிடையாது. ராசாவுக்குப் பக்கவாதம் வந்து வலக்கை விழுந்து இடக்கை நடுங்கத் தொடங்கியதிலிருந்து கசூலுதான் கதவைச் சாத்திக்கொண்டு ஊட்டிவந்தார். அவர் போனபிறகு இளநீரும் குடிக்கிற கஞ்சியுமாக ராசா தள்ளிக்கொண்டு வந்தார். இப்போது கிண்ணத்தையும் தூக்க முடியவில்லை.

போன மாதம் பெரிய தீவான மாஹேயிலிருந்து வந்த டாக்டர் துரை அவருடைய விலா எலும்பைப் பார்த்துவிட்டு, "அடுத்த முறை வரும்போதும் இப்படியே இருந்தால் மாஹே ஆஸ்பத்திரிக்குத்தான்" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். யூலாலி அந்த ஆஸ்பத்திரியில் ஒரு பிரசவத்துக்குப் படுத்து வந்தவள். ஒரே நீளக் கூடம், இரண்டு பக்கமும் கட்டில், எல்லோருக்கும் ஒரே நேரத்தில் சோறு. அங்கே கொண்டுபோய்ப் போட்டால் அத்தனை பேர் கண்ணுக்கு முன்னால் அவர் வாயைத் திறக்கவே மாட்டார், பட்டினி கிடந்தே போய்ச் சேர்வார் என்பது அவளுக்கு நிச்சயமாகத் தெரியும். டாக்டர் படகு வர இன்னும் ஒரு வாரம்கூட இல்லை.

அவளுடைய புருஷன் நெஸ்தோர் அந்தப் படகின் தண்டல், துடுப்புக்காரர்களுக்குத் தலைவன். அடுப்படி வாசலில் உட்கார்ந்து துடுப்புக்கு எண்ணெய் பூசிக்கொண்டிருந்தான்.

"நீயே ஊட்டி விட்டுத் தொலையேண்டி. எத்தன புள்ளைக்கு ஊட்டியிருக்க."

"கேட்டுட்டேன்யா. கண்ண இறுக்கி மூடிக்கிறேன் ராசா, துணியக்கூட கட்டிக்கிறேன்னு சொன்னேன். மூடின கண்ண எப்ப வேணா தொறக்கலாம்னுட்டாரு."

"இருட்டுல ஊட்டு. ஜன்னல எல்லாம் அடைச்சிட்டு."

"அதுவும் கேட்டாச்சு. இருட்டுல சோறு போடுறது செத்தவங்களுக்காம். நான் செத்ததுக்கு அப்புறம் போடு, தின்னுக்கிறேன்னு சொல்றாரு."

நெஸ்தோர் சிரித்தான். அவள் முறைத்ததும் நிறுத்தினான்.

"இத்தன வருஷம் கழிச்சு யாருக்குடி இதெல்லாம்? அவரு நாடும் இல்ல, நம்ம ஊர்ல அவருக்கு ஒரு கோழிகூடக் கட்டுப்படாது."

அந்தக் கேள்வியை அவளே அன்று காலையில் ராசாவிடம் கேட்டிருந்தாள், இவ்வளவு மொட்டையாக இல்லாமல். ராசா நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்துதான் பதில் சொன்னார். பசியிலும் அவர் சாய்ந்து உட்கார்ந்து அவள் பார்த்ததில்லை.

"நாட்ட எடுத்தாங்க யூலாலி. தோணிய எல்லாம் கொளுத்துனாங்க. ஈட்டிய வாங்கிக்கிட்டாங்க. கப்பல்ல ஏத்தும்போது என் பேரக்கூடத் தப்பாத்தான் கூப்பிட்டாங்க. இத மட்டும் எடுக்கல. ஏன்னா இப்படி ஒண்ணு எங்கிட்ட இருக்குன்னு அவங்களுக்குத் தெரியாது. நானே எடுத்துக் குடுக்கணுமா?"

அவள் குனிந்து தரையைத் துடைக்கத் தொடங்கினாள்.

மறுநாள் விடிந்ததும் அவள் எஸ்டேட்டுக்கு வெனிலா வேலைக்குப் போனாள். பூக்கிற பருவம் தொடங்கியிருந்தது. வெனிலாப் பூவுக்கு இந்த ஊரில் வண்டு கிடையாது, பெண்கள்தான் கல்யாணம் முடித்து வைக்க வேண்டும். எலுமிச்சை முள்ளால் பூவின் நாக்கைத் தூக்கி, கட்டைவிரலால் ஒரு அழுத்து. உச்சிக்கு முன்னால் முடித்தாக வேண்டும், அப்புறம் பூ வாடிவிடும். யூலாலி கொடி கொடியாக நகர்ந்துகொண்டிருந்தாள். கை பழகிய வேலை, பார்க்காமலே செய்வாள். பார்க்காமலே செய்கிறோம் என்று தோன்றிய நொடியில் அவளுக்கு அனத்தோல் நினைவுக்கு வந்தார். முள்ளைக் கொண்டையில் செருகிக்கொண்டு நேரே கரைக்கு ஓடினாள். மேஸ்திரி பின்னால் கத்தியது காதில் விழவில்லை.

அனத்தோல் பவளக்கல் எரிக்கிற சூளையில் வேலை பார்த்தவர். சுண்ணாம்பு தெறித்து இரண்டு கண்ணும் போய்விட்டன. இப்போது மூங்கில் பிளந்து மீன்கூடு பின்னுகிறார், கள் குடிக்கிறார், போகிற வருகிறவர்களை வைகிறார். ராசாவுக்கும் அவருக்கும் ஏழு வருஷமாகப் பேச்சு இல்லை. அனத்தோலின் பன்றி ராசாவின் வள்ளிக்கிழங்குப் பாத்தியில் இறங்கியது, ராசா மூங்கிலைச் சீவி ஒரே எறியில் அதைச் சாய்த்துவிட்டார். அந்தப் பன்றிக்கு அனத்தோல் இன்னும் துக்கம் காத்துக்கொண்டிருந்தார்.

"மாமா, ஒரு உதவி."

"வெனிலா வாசம் அடிக்குது. யூலாலியா? வேலைய விட்டுட்டு ஓடி வந்திருக்க. யாரு செத்தது?"

"இன்னும் யாரும் சாகல. நீங்க வந்தா சாகாம இருப்பாங்க."

அவள் சொல்லி முடிக்கிறவரை அவர் கை மூங்கில் பட்டையை மடக்கிக்கொண்டே இருந்தது. முடித்ததும் துப்பினார்.

"அந்தக் கொலைகாரனுக்கு நான் ஊட்டணும்?"

"ஆமா."

"எம் பன்றி சினையா இருந்துச்சு, தெரியுமா உனக்கு?"

"பன்றி கெடா மாமா. ஊருக்கே தெரியும்."

"வளர்ந்திருந்தா என்னவா ஆகியிருக்கும்னு யாருக்குத் தெரியும்?" அனத்தோல் கூட்டைத் தட்டிப் பார்த்தார். "நான் எதுக்கு? இந்த ஊர்ல கை இருக்கிறவன் எத்தன பேரு."

"கண்ணு இல்லாதவரு நீங்க ஒருத்தர்தான்."

யாரும் அவரிடம் இப்படி நேராகச் சொன்னதில்லை. மூங்கில் பட்டையைக் கீழே வைத்தார். அப்புறம் அனத்தோல் பெரிதாகச் சிரிக்க ஆரம்பித்தார், இருமல் வருகிறவரை சிரித்தார்.

"அடி இவளே! இத்தன வருஷத்துல இந்தக் கண்ணு போனதுக்கு முதல் தடவையா ஒரு உத்தியோகம் கெடைக்குது. சரி, வர்றேன். ஆனா நான் வாய மூடிக்கிட்டு ஊட்ட மாட்டேன். பன்றி கணக்கு இருக்கு, அதப் பேசுவேன்."

"பேசுங்க. ராசாவுக்கும் பேச ஆள் இல்ல."

ராசாவிடம் அவள் விஷயத்தைச் சொன்னபோது அவர் ரொம்ப நேரம் யோசித்தார். ஏரிநாட்டில் குருடர்கள் அரண்மனை வேலைக்கு வந்ததில்லை, அதனால் அதற்குச் சட்டமும் இல்லை. "அவனா?" என்று கேட்டார். "அவன்தான்" என்றாள். "குளிச்சிட்டு வரச் சொல்லு" என்றார்.

அன்று மத்தியானம் அனத்தோல் குளித்துவிட்டு, அடக்கத்துக்குப் போடுகிற கறுப்புக் கோட்டோடு வந்தார். யூலாலி பேய்க்கணவாயைத் தேங்காய்ப்பாலில் மெத்தென்று வேகவைத்து, மரவள்ளி மசியலோடு கிண்ணத்தில் போட்டு அவர் கையில் கொடுத்தாள். உள்ளே கொண்டுபோய் நாற்காலியில் உட்காரவைத்து, அவருடைய இடக்கையை எடுத்து ராசாவின் தாடையில் வைத்தாள். ஏரிநாட்டு ராசாவின் தாடையை ஒரு கள்குடியன் தொடுகிறான். ராசா அசையவில்லை. அவள் வெளியே வந்து கதவைச் சாத்தி, படியில் உட்கார்ந்து காதைத் தீட்டிக்கொண்டாள்.

"வாயத் தொறங்க."

"அது மூக்கு."

"மூக்கு இவ்வளவு பெருசா இருந்தா நான் என்ன செய்ய? ம், இப்ப தொறங்க."

"நீ ஏன் நடுங்குற?"

"நானா? நீங்கதான் நடுங்குறீங்க. ஏழு வருஷத்துக்கு முன்னாடி நடுங்கியிருந்தா எம் பன்றி பொழச்சிருக்கும்."

"உன் பன்றி எங்கிட்ட மூணு தடவ மன்னிப்பு வாங்கிட்டுப் போச்சு. நாலாவது தடவதான் எறிஞ்சேன்."

"பன்றி மன்னிப்புக் கேட்டுச்சா?"

"மூணு தடவையும் தலையக் குனிஞ்சிக்கிட்டுத்தான் நின்னுது."

"அது கெழங்கு தோண்டுச்சுய்யா!"

உள்ளே ஒரு விநோதமான சத்தம் வந்தது. யூலாலி எழுந்துவிட்டாள், புரையேறிவிட்டதோ என்று. அப்புறம்தான் புரிந்தது. ராசா சிரிக்கிறார். அவர் சிரித்து அவள் கேட்டதே இல்லை. திரும்பி வந்த கிண்ணத்தில் கால்வாசிதான் மிச்சம் இருந்தது. அவள் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு கொல்லைக்குப் போய், யாரும் பார்க்காத இடத்தில் நன்றாக அழுதாள்.

டாக்டர் படகு வந்த நாளில் தென்கிழக்குக் காற்று இன்னும் அடங்கியிருக்கவில்லை. பாறைத் திட்டுக்கு நடுவே படகு நுழைகிற வாயில் அலை சுவர் மாதிரி எழும்பி விழுந்தது. நெஸ்தோர் டாக்டரைத் தோளில் தூக்கிக்கொண்டு வந்து கரையில் இறக்கினான். துடுப்புக்காரர்கள் நாலு பேரும் கூடவே வீடுவரை ஏறி வந்தார்கள். யூலாலி சொல்லி வைத்திருந்தாள், ராசாவைத் தூக்கச் சொன்னால் யாரும் கை வைக்கக் கூடாது என்று.

டாக்டர் ராசாவின் நாடியைப் பார்த்தார், கண்ணை விரித்துப் பார்த்தார். இளவயதுக்காரர், கெட்ட மனிதர் இல்லை, கொஞ்சம் அவசரக்காரர்.

"முன்னைக்குப் பரவாயில்லை. ஆனால் போதாது. என்ன சாப்பிடுகிறார்?"

யூலாலி சொன்னாள்.

"நீ பார்த்தாயா?"

"தட்டு காலியாகுது தொரை."

"தட்டு காலியாவதற்கு ஆயிரம் வழி இருக்கிறது. பக்கவாதம் வந்தவர்களுக்குத் தொண்டையில் இறங்காது. இறங்குவதை நான் கண்ணால் பார்க்க வேண்டும். பார்த்தால் விட்டுவிட்டுப் போகிறேன், பார்க்காவிட்டால் கூட்டிக்கொண்டு போகிறேன். கொண்டு வா."

சொல்லிவிட்டு நாற்காலியை இழுத்து ராசாவுக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்துகொண்டார். அவர் பேச்சில் நியாயம் இருந்தது, அதுதான் யூலாலிக்குக் கஷ்டமாக இருந்தது. கஞ்சிக் கிண்ணத்தைக் கொண்டுவந்து அனத்தோலிடம் கொடுத்தாள். ராசா வாயை இறுக மூடிக்கொண்டு டாக்டரின் தலைக்கு மேலே சுவரைப் பார்த்தார். திறக்க மாட்டார். இழுத்துக்கொண்டு போனாலும், கடலில் போட்டாலும் திறக்க மாட்டார்.

அப்போது வாசலில் நின்ற நெஸ்தோர் தொண்டையைச் செருமினான்.

"தொரை தாராளமாப் பாக்கலாம். பாத்துட்டு வேற படகு தேடிக்கணும், அவ்வளவுதான்."

"என்ன சொல்கிறாய்?"

"ராசா சாப்பிடுறதப் பாத்தவங்க வீடு போய்ச் சேர மாட்டாங்கன்னு அவங்க ஊர்ல சொல்லுவாங்க. உங்க வீடு மாஹேல. அதுக்கு நடுவுல எம் படகு இருக்கு, எம் பசங்க இருக்காங்க."

"இதையெல்லாம் நீ நம்புகிறாயா? ஞாயிற்றுக்கிழமை கோவிலுக்குப் போகிறவன்தானே நீ?"

"போறேன் தொரை. சாமியார் சொல்றதையும் நம்புறேன், இதையும் நம்புறேன். அந்தப் பாறை வாயில போறப்ப எதையும் விட்டு வைக்கிறதில்ல."

துடுப்புக்காரர்களில் ஒருவன் தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, "எம் பொண்டாட்டிக்கு இது நெறமாசம் தொரை" என்றான். மற்றவர்கள் தரையைப் பார்த்தார்கள். டாக்டர் ஜன்னல் வழியாகக் கடலைப் பார்த்தார். அங்கே இன்னோர் அலை எழுந்து பாறையில் வெடித்தது, சத்தம் வீடுவரை கேட்டது.

"அடுத்த படகு எப்போது?"

"காத்து விழணும். ஒரு மாசம் ஆகலாம். இங்க இருங்க, யூலாலி நல்லாச் சமைப்பா."

டாக்டருக்குக் காது சிவந்தது. எழுந்து நின்றார். ராசாவைப் பார்த்தார், கறுப்புக் கோட்டோடு கிண்ணத்தைப் பிடித்துக்கொண்டிருந்த குருடரைப் பார்த்தார்.

"பின்னே நான் எப்படித்தான் தெரிந்துகொள்வது?"

"காது இருக்குல்ல தொரை," என்றார் அனத்தோல். "நான் அதுலதான் பொழைக்கிறேன்."

டாக்டர் பெருமூச்சு விட்டார். நாற்காலியைத் தூக்கித் திருப்பிப் போட்டு, சுவரைப் பார்த்து உட்கார்ந்தார். அதைப் பார்த்ததும் நெஸ்தோர் வாசலிலேயே திரும்பிக்கொண்டான். துடுப்புக்காரர்கள் திரும்பினார்கள். யூலாலியும் திரும்பி அடுப்படிக் கதவைப் பார்த்து நின்றாள். பட்டப்பகல், ஜன்னல்கள் விரியத் திறந்திருந்தன, வெயில் தரையெல்லாம் கிடந்தது, ஒருவர் கண்ணும் ராசாவின் மேல் இல்லை.

கரண்டி கிண்ணத்தில் இடித்தது. மெல்லுகிற சத்தம். விழுங்குகிற சத்தம்.

"இறங்கியதா?" என்றார் டாக்டர் சுவரிடம்.

"எறங்கிருச்சு. ஏப்பம் வேணுமா தொரை?"

"வேண்டாம். இன்னொரு கரண்டி கொடு."

கிண்ணம் காலியாகிறவரை எல்லோரும் அப்படியே நின்றார்கள். பிறகு ராசா பேசினார். தடித்த நாக்கால், நிதானமாக.

"எங்க ஊர்ல மணி அடிப்பாங்க. மணி கேட்ட எடத்துல எல்லாரும் இப்படித்தான் முதுகக் காட்டி நிப்பாங்க. சந்தையில, ஏரிக்கரையில, வயல்ல. கடல் தாண்டி வந்து இப்பத்தான் பாக்குறேன்." ஒரு நிமிடம் விட்டு, "இனி திரும்பலாம்" என்றார்.

திரும்பிய யூலாலிக்கு அவர் முகத்தைப் பார்க்கக் கூச்சமாக இருந்தது. அவ்வளவு நிறைவாக இருந்தது அந்த முகம். டாக்டர் தொப்பியை எடுத்துக்கொண்டு வாசல்வரை போய், ஞாபகம் வந்தவர்போல நின்று ராசாவுக்குத் தலை தாழ்த்திவிட்டுப் போனார்.

நெஸ்தோர் மாஹே போய்ச் சேர்ந்து திரும்பி வந்த அன்று யூலாலி அவனைப் பிடித்துக்கொண்டாள்.

"நெசமாவே நம்புறியாய்யா, இல்ல தொரைக்குப் பூச்சாண்டி காட்டுனியா?"

"எனக்கென்ன தெரியும்," என்றான் அவன். "ஆனா அந்த ஆளு திரும்பாம உக்காந்திருந்தா நெசமா ஏத்தியிருக்க மாட்டேன்."

அதற்கப்புறம் ராசா இரண்டு மழைக்காலம் இருந்தார். டாக்டர் வந்தபோதெல்லாம் கேட்காமலே நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டார். அனத்தோல் தினம் இரண்டு வேளை குளித்துவிட்டு வந்தார், கள்ளைச் சாயங்காலத்துக்குத் தள்ளி வைத்தார். பன்றி வழக்கு தீரவே இல்லை. சில நாள் பன்றி செய்தது தப்பு என்று முடியும், சில நாள் ராசா செய்தது தப்பு என்று முடியும். சாத்திய கதவுக்குப் பின்னால் இரண்டு கிழவர்களும் கத்துகிற கத்தலில் எஸ்டேட் மாடுகள் மிரண்டன. யூலாலி படியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டே அரிசி பொறுக்குவாள். அந்த நாட்களில் அவள் சந்தோஷமாக இருந்தாள்.

ராசா போனது ஜனவரி மழையில், தன் கட்டிலிலேயே, ராத்திரித் தூக்கத்தில். அன்று காலையில் அது கடைசி நாள் என்று அவரைத் தவிர யாருக்கும் தெரியாது. யூலாலி பால் கஞ்சியை அனத்தோலிடம் கொடுத்து உள்ளே அனுப்பியிருந்தாள். உள்ளே அன்று கத்தல் இல்லை. கொஞ்ச நேரம் கழித்துக் கதவு திறந்து அனத்தோல் தட்டுத்தடுமாறிப் படியிறங்கி வந்தார். மோவாய், தாடி, கறுப்புக் கோட்டின் மார்பு எல்லாம் கஞ்சி.

"என்ன மாமா இது! இத்தன நாள் ஒரு சொட்டு சிந்தாம ஊட்டிட்டு, இன்னிக்குக் காலையிலயே ஊத்திக்கிட்டீங்களா? கோட்டப் பாருங்க!"

அனத்தோல் கோட்டின் மார்பைத் தடவிப் பார்த்தார்.

"நான் சிந்தல புள்ள," என்றார். "அவரு கை நடுங்கிருச்சு."

"அவரு கையா?"

"கரண்டிய எங்கிட்டருந்து வாங்கிக்கிட்டாரு. எனக்குப் போதும், நீ வாயத் தொறன்னாரு. கிண்ணம் முழுக்க எனக்கே ஊட்டினாரு."

யூலாலி இடுப்பில் இருந்த துணியை உருவி அவர் தாடியைத் துடைக்கப் போனாள். அனத்தோல் அவள் கையைத் தடவிப் பிடித்து விலக்கினார்.

"தொடைக்காத," என்றார். "கொஞ்ச நேரம் இருக்கட்டும்."